தெக்குப் பக்கத்துச் சுவரு

பாத்துங்க சார், காலைச் சித்த இக்கட்டால வெச்சுக்குங்க. சாக்குக்குள்ள இருக்கறது கண்ணாடிங்க. பொள்ளாச்சியில ஏறும்போதே கண்டக்டர் ஒரு பாட்டம் திட்டிட்டான், லக்கேஜெல்லாம் பின்னால போடுங்கன்னு. பின்னால போட்டா தாராபுரம் போறதுக்குள்ள தூளாயிருமுங்க. மடியில வெச்சுக்கறன் சாமின்னு கெஞ்சி உக்காந்திருக்கறன். உங்களுக்கு இடிச்சாச் சொல்லுங்க, திருப்பி வெச்சுக்கறன்.

மூஞ்சி பாக்கற கண்ணாடிதானுங்க. ஆனா கடையில வாங்குனதில்ல. கார்ன்வெல் கிளப்புக் கண்ணாடி. சீமையில இருந்து கப்பல்ல வந்தது, சுத்தியும் தேக்குச் சட்டம். கார்ன்வெல் கிளப்பு பாத்திருக்கறீங்களா? மெயின் ரோட்டு மேல, பெரிய தூங்குமூஞ்சி மரம், செவப்பு ஓடு, நீளமா வராந்தா. பாத்ததில்லீங்களா? இனிமேல் பாக்கவும் முடியாது. போன மாசம் இடிச்சுட்டாங்க. நகைக்கடை வருதாமா.

நீங்க என்ன உத்தியோகமுங்க? பொதுப்பணித்துறையா? இஞ்சினீருங்களா! அடடா, முன்னாலயே சொல்லியிருக்கலாமுல்ல. உங்ககிட்ட ஒண்ணு கேக்கோணும் சார். ஒரு கட்டடத்தை இடிக்கறதுன்னா எந்தப் பக்கத்துல இருந்து இடிக்கோணும்? முன்பக்கத்துல இருந்துதானுங்களே? வாசல், போர்டிகோ, வராந்தா, அப்படியே உள்ளாற போகோணும். அதுதான மொறை? இந்தக் கான்ட்ராக்டர் பய என்ன பண்ணுனான் தெரியுங்களா, தெக்குப் பக்கத்துல இருந்து ஆரம்பிச்சுட்டான். சந்தைக்குப் போற ரோடு அங்கதான் இருக்குது, லாரி வந்து நிக்கறதுக்குத் தோதாமா. தெக்குப் பக்கத்துச் சுவரை மொதல்ல தள்ளிப்போட்டான். அவன் மட்டும் மொறையா முன்பக்கம், வடக்க இருந்து இடிச்சிருந்தான்னா நான் இன்னிக்கு இந்த பஸ்ல கண்ணாடியைக் கட்டிப் புடிச்சுட்டு உக்காந்திருக்க மாட்டனுங்க.

சொல்றன், சொல்றன். மொதல்ல கிளப்பு என்னன்னு தெரிஞ்சாத்தான் உங்களுக்கு விளங்கும்.

வால்பாறை மேல எஸ்டேட் வெச்சிருந்த வெள்ளைக்காரங்க கட்டுனதுங்க. வாரம் பூரா அட்டைக்கடியும் மழையுமாக் கெடந்துட்டு, சனிக்கிழமையானா கீழ எறங்கி வந்து ஆடுவாங்க. ஆட்டமுன்னா நம்மூர் ஆட்டமில்ல, ஆணும் பொண்ணும் கை கோத்துட்டு ஆடற டான்ஸ். அதுக்குன்னு ஒரு ஹால். தேக்குப் பலகையில தரை. அந்தப் பலகைக்குக் கீழ என்ன போட்டிருந்தாங்க தெரியுங்களா? நம்ம தேங்கா நாரு. மெத்தையாட்டம் நாரைப் பரப்பி அதுமேல பலகையை அடிச்சிருந்தாங்க. கால் வெச்சா சித்த அமுங்கி மேல தூக்கி விடும். கவர்னர் வந்து ஆடியிருக்கறாராமா. மைசூருப் பக்கத்துல இருந்து ஒரு ராசா குடும்பமே வந்து ஆடுச்சுன்னு பழைய ஆளுங்க சொல்லுவாங்க. சொவத்துல காட்டெருமைத் தலை, பித்தளைக் கொக்கியில தொப்பி மாட்டற எடம், வெள்ளைத் துணி விரிச்ச மேசை. வேட்டி கட்டிட்டு அந்தப் படி ஏற முடியாதுங்க.

வெள்ளைக்காரங்க போனதுக்கப்புறம் மில்லுக்காரங்க, டாக்டருங்க, வக்கீலுங்கன்னு நம்மாளுங்க வந்தாங்க. ஆனா எல்லாத்தையும் சேத்திர மாட்டாங்க. எனக்கு நெகமத்துப் பக்கம் தோப்பும் கயிறு மில்லும். பேரு ஆறுச்சாமி. என்னை எவன் சேப்பான்? டான்ஸ் ஹால் தரை ஒரு பக்கம் தொய்ஞ்சு போச்சுன்னு நாரு மாத்தறதுக்கு என்றகிட்ட வந்தாங்க. நல்ல நாரா எடுத்து, நானே கூட நின்னு பரப்பிக் குடுத்தன். அந்த வருசக் கடைசியில கலெக்டர் சம்சாரம் அதுமேல ஆடிட்டு, இந்தத் தரை பறக்குதுன்னு சொல்லுச்சாமா. அதுக்கப்புறம் என்னை மெம்பராச் சேத்துனாங்க. அன்னிக்கு ராத்திரி நான் தூங்கலீங்க சார். பேன்ட்டு தைச்சன், ஷூ வாங்குனன். முள்ளுக்கரண்டி புடிக்கறதுக்குத் தோட்டத்துச் சாளை ஊட்டுல உக்காந்து தனியாப் பழகுனன். கிளப்புல எனக்குப் பேரே வேற. ஆறுச்சாமி அவங்க வாயில நொழையல. 'சாம்'னு வெச்சுட்டாங்க. மிஸ்டர் சாம். கேக்கறதுக்கு நல்லா இருக்குதுங்களே?

என்ற சம்சாரம் பேரு மயிலாத்தாள்.

நல்ல பொம்பளைங்க. அதுல ஒரு குத்தம் சொல்ல முடியாது. தோப்புல நாப்பது ஆளுக்கு ஒத்தையில சோறாக்குவா. அஞ்சாவது வரைக்கும் படிப்பு. ரெண்டு பக்கமும் மூக்குத்தி. வெத்தலை போடுவா. பேசுனான்னா மேக்காலத் தோட்டத்துல கேக்கும், அத்தனை சத்தம். அதெல்லாம் நம்மூருக்கு ஒண்ணுமில்லீங்க. ஆனா கிளப்புல டாக்டர் சம்சாரம் எப்படி உக்காரும் தெரியுங்களா? காலுமேல கால் போட்டு, கப்பை விரல் நுனியில புடிச்சு, சிரிச்சாக்கூடச் சத்தம் வராது. அங்க போயி இவ 'ஏனுங் மாமா, இதென்னுங்க இலையே போடாமச் சோறு'ன்னு கேட்டான்னா? கேட்டிருப்பா சார். கேக்காம இருக்க மாட்டா. எனக்கு அங்க இருந்த மருவாதி என்னாகறது?

அதனால, நான் மெம்பரான புதுசுல இவ கேட்டா, 'நானும் ஒருக்கா உள்ளாற வந்து பாக்கட்டுங்களா'ன்னு. நான் சொன்னன், 'அங்க பொம்பளைங்களுக்கு அனுமதி இல்ல கண்ணு. வெள்ளைக்காரன் போட்ட சட்டம்.'

அவ்வளவுதானுங்க சொன்னன். ஒரு வார்த்தை. இதுல பெரிய பாவம் என்ன இருக்குது? அவளைக் கேவலப்படுத்தக் கூடாதுன்னுதான சொன்னன். நாலு பேரு முன்னால அவ தலை குனிஞ்சு நிக்கக் கூடாதுன்னுதான். அவளும் ஒடனே, 'சட்டமுன்னா என்னுங்க பண்றது, நீங்க போயிட்டு வாங்க'ன்னுட்டா. அத்தோட முடிஞ்சுது.

முடிஞ்சுதுன்னு நெனச்சன்.

சனிக்கிழமையானா ரெண்டு பேரும் கார்ல டவுனுக்கு வருவமுங்க. மாரியம்மன் கோயிலு, மளிகைச் சாமான், துணி கிணி. பொழுதோட என்னைக் கிளப்புல விட்டுட்டு அவ ஊட்டுக்குப் போகலாமுல்ல? போக மாட்டா. ரெண்டு தடவை வண்டி போயி வந்தா டிரைவர் ரங்கனுக்குச் செரமமாமா. கார்லயே இருக்கறேம்பா. மெயின் ரோட்டு வாசல்ல, அந்தத் தூங்குமூஞ்சி மரத்தடியில நிப்பாட்டச் சொல்லுவன். அதுவும் நான் யோசிச்சுப் பண்ணுனதுதான். பொம்பளைங்க வர்ற கேட்டு தெக்குப் பக்கம். சந்தை ரோட்டுல, ஒசந்த மதிலு, காயிதப்பூக் கொடி படந்து கெடக்கும், உள்ளாற ஒண்ணும் தெரியாது. கார் வந்தா மட்டும் வாட்ச்மேன் கதவைத் தொறப்பான். வடக்குப் பக்கம் நிக்கறவங்களுக்கு ஒரு சேலைத் தலைப்புக்கூடக் கண்ணுல படாதுங்க. ரங்கன் பீடி குடிக்கப் போயிருவான். இவ கார்ல இருப்பா. உள்ளாற பியானோ வாசிக்கறது அங்க நல்லாக் கேக்கும், அது ஒண்ணு. நான் இல்லைன்னு சொல்ல மாட்டன், நல்ல காத்து வேற.

வரும்போது வெறுங்கையோட வந்ததே இல்லீங்க நான். கிளப்புல கட்லெட்டு ரொம்பப் பேரு போனது. ரெண்டு கட்லெட்டு, கை தொடைக்கற பேப்பர்ல சுத்தி, கோட்டுப் பாக்கெட்டுல போட்டுக் கொண்டாருவன். எல்லாத்துகிட்டயும் சொல்லிட்டு, ஒரு ஆட்டம் சீட்டு முடிச்சு, வர்றதுக்குச் சித்த நேரமாகும். குடுத்துட்டு, 'சூடா இருக்குதா கண்ணு?'ன்னு கேப்பன். 'சூடா இருக்குதுங்க'ம்பா. நம்ம பொம்பளைங்க எத்தனை பேருக்குக் கார்ல உக்கார வெச்சுக் கட்லெட்டு கொண்டாந்து குடுக்கற புருசன் வாய்ச்சிருக்கறான், சொல்லுங்க?

ஒருக்கா மட்டும் கேட்டா. 'ஏனுங் மாமா, உள்ளாற பொம்பளை சிரிக்கற சத்தம் கேட்டுதுங்களே'ன்னு. எனக்குத் தூக்கிவாரிப் போட்டுருச்சு. 'அது ரேடியோ கண்ணு'ன்னுட்டன். ஆமாங்களா, ரேடியோவுல நல்லாச் சிரிக்கறாங்கன்னு சொல்லிட்டு வெத்தலையை மடிச்சா.

உள்ளாற இருந்தவங்களுக்கு வேற சமாதானம் சொல்லோணுமுல்லங்க. டாக்டர் சம்சாரம், கோமதிநாயகம் டாக்டர் இருந்தாரே, அவரு சம்சாரம், ரொம்ப நல்ல மாதிரி. 'சாம், மிஸஸைக் கூட்டிட்டு வரவே மாட்டேங்கிறீங்களே, அவங்க பேரு என்ன?'ன்னு கேட்டாங்க. மயிலாத்தாள்னு வாய் வரைக்கும் வந்துருச்சு. 'மைலா'ன்னு சொன்னன். 'அவளுக்கு ஆஸ்துமாங்க, ராத்திரிக் காத்து ஆகாது'ன்னு சொன்னன். ஐயோ பாவமேன்னு அந்தம்மா ஒரு கூடை ஆப்பிள் அனுப்பி வெச்சாங்க. எஸ்டேட் மேனேஜர் குடுத்தாருன்னு சொல்லி ஊட்டுல குடுத்தன். மயிலா அதைத் தோப்பு ஆளுங்களுக்கெல்லாம் பங்கு போட்டா. ஒவ்வொரு தீவாளிக்கும் அந்தம்மா கேப்பாங்க, மைலாவுக்கு மூச்சு எப்படி இருக்குதுன்னு. இப்பத் தேவலைங்கன்னு சொல்லுவன். பையன் ஊட்டியில ஹாஸ்டல்ல படிச்சான், அப்புறம் பெங்களூருக்கு வேலைக்குப் போயிட்டான், அதனால அவன் மூலமாவும் விசயம் வெளிய வரல. எல்லாம் ஒழுங்காத்தானுங்க போயிட்டிருந்துச்சு.

அந்தக் காலமெல்லாம் போச்சு. ஆடறவங்க செத்தாங்க, முட்டி வலிக்குதுன்னு நின்னாங்க. புதுசா வர்ற பசங்க கோயமுத்தூருக்குப் போயிடறாங்க. ஓடு ஒழுகுச்சு. நெலத்துக்குச் சொந்தக்காரங்க வித்துட்டாங்க. கடைசி மீட்டிங்குல இடிக்கறதுக்குச் சம்மதமுன்னு கை தூக்குனவங்கள்ள நானும் ஒருத்தன். கை தூக்கிட்டு ஊட்டுக்கு வந்து அழுதனுங்க. மயிலாதான் காப்பி கொண்டாந்து வெச்சு, 'உடுங்க மாமா, கட்டடந்தான'ன்னா.

இடிக்கற அன்னிக்குக் கமிட்டிக்காரங்க எல்லாம் வந்திருந்தம். முன்பக்கம் புல்தரையில நாற்காலி போட்டு, கடைசியா ஒரு டீ. நான் கோட்டு போட்டிருந்தன். பின்னால எந்திரம் இரையற சத்தம். போட்டோ எடுத்தாங்க. டாக்டரம்மாவும் வந்திருந்தாங்க, டாக்டர் தவறி நாளாச்சு, கைத்தடி ஊனிட்டு வந்தாங்க. ஞாபகத்துக்கு எதாச்சும் எடுத்துக்கறமுன்னு அந்தம்மா தெக்குப் பக்கம் போனாங்க. தடுமாறி விழுந்தரப் போறாங்கன்னு நானும் பின்னால போனன்.

போயிப் பாத்தா, தெக்குப் பக்கத்துச் சுவரு மொத்தமா விழுந்து கெடக்குது. மதிலு, காயிதப்பூ, எல்லாம் மண்ணு. ரோட்டுல நின்னு பாத்தா லேடீஸ் ரூம்பு அப்படியே தெறந்து தெரியுது சார். கொலுப்படியில வெச்ச மாதிரி. ரோஸ் கலர் சொவரு. வரிசையாக் கண்ணாடி, ஒவ்வொரு கண்ணாடிக்கு முன்னாலயும் ஒரு குட்டி நாற்காலி. சொவத்துல கொண்டை ஊசியும் சீப்பும் வைக்கற தட்டு. வாசப்படிக்கு மேல பீங்கான் தகடு, அதுல கொடை புடிச்ச ஒரு பொம்பளைப் படம். படிக்கத் தெரியாதவங்களுக்குக்கூட அது யாரு ரூம்புன்னு தெரியும். சந்தைக்குப் போற சனம் பூரா நின்னு வேடிக்கை பாக்குது.

அந்தச் சனத்துல அவ நிக்கறா.

பஸ்ல வந்திருக்கறா. என்றகிட்ட ஒரு வார்த்தை சொல்லலை. எங்கண்ணுல மொதல்ல என்ன பட்டுது தெரியுங்களா? அவ பட்டுச்சேலை கட்டியிருந்தா. அரக்குப் பட்டு, பையன் கல்யாணத்துக்கு எடுத்தது. தலை நெறையப் பூவு. அந்தப் புழுதியில, அந்த லாரிக்கு நடுவுல, பட்டு. எனக்கு வந்ததே ஆத்திரம். ஏன் இப்படிப் பண்றா, நாலு பேரு பாப்பாங்களேன்னு. அங்க ஒரு லாரி நின்னுட்டிருந்துச்சு. நான் அதுக்கு அக்கட்டால போயி நின்னுக்கிட்டன். ஒளிஞ்சுட்டன்னு சொல்லாதீங்க. லாரியில சாமானெல்லாம் ஒழுங்கா ஏத்தறாங்களான்னு பாக்க வேண்டியிருந்துச்சு.

அங்க இருந்து எல்லாம் கேட்டுச்சுங்க. அவ குரலுதான் உங்களுக்குச் சொன்னனே. கான்ட்ராக்டர் ஆளுகிட்டக் கேக்கறா. 'ஏனுங் தம்பி, இடிச்சாச்சுல்ல, இப்பப் பொம்பளைங்க உள்ளாற போலாமுங்களா?'

அதுக்காகத்தான் வந்திருக்கறா சார். கட்டடம் போனா சட்டமும் போயிருமுன்னு. வெள்ளைக்காரன் போட்ட சட்டம், கட்டடத்தோட முடிஞ்சுது, இனி நாமும் ஒருக்கா உள்ளாற பாத்துக்கலாமுன்னு. அதுக்குத்தான் பட்டுச்சேலை.

அந்தப் பையனுக்கு ஒண்ணும் புரியல. 'போங்கக்கா, பாத்துப் போங்க, கல்லு கெடக்குது'ன்னான். செருப்பைக் கழட்டி வெளிய விட்டுட்டு ஏறுனா. கொடை புடிச்ச பொம்பளைப் படத்தைப் பாத்தா. கண்ணாடியைப் பாத்தா. ஒரு கண்ணாடிக்கு முன்னால உக்காந்து, காதோரத்து முடியை ஒதுக்கி விட்டா, பூவைச் சரி பண்ணுனா. ரோடே பாத்துட்டு இருக்குது. வேலையாளுங்க கடப்பாறையை நிறுத்திட்டாங்க.

டாக்டரம்மா பக்கத்துல போனாங்க. 'நீங்க யாரும்மா'ன்னு கேட்டாங்க. இவ சொல்றா, 'நானுங்க, நெகமத்துக் கயிறு மில்லு ஆறுச்சாமி ஊட்டுக்காரிங்க.' அந்தம்மா யோசிச்சாங்க. அவங்களுக்கு ஆறுச்சாமி யாருன்னே தெரியலைங்க. அப்புறம் புடிபட்டுது. 'சாமோட மிஸஸா? நீங்கதான் மைலாவா! உங்களைப் பாக்கணும்னு எத்தனை வருஷமா நெனச்சிருக்கேன். இந்த ரூம்ல உக்காந்து உங்களைப் பத்தி எத்தனை தடவை பேசியிருக்கோம். ஆஸ்துமா எப்படிம்மா இருக்கு?'

நான் லாரிக்குப் பின்னால இன்னும் குனிஞ்சுக்கிட்டனுங்க. இப்ப என்ன சொல்லுவா? எனக்கு எந்தச் சீக்கும் இல்லியேம்பா. சத்தமாச் சொல்லுவா. ரோட்டுல இருக்கற சனமெல்லாம் கேக்கும்.

அவ கண்ணாடிச் சட்டத்தை ஒரு விரல்ல தடவுனா. அப்புறம், 'இப்பப் பரவாயில்லீங்கம்மா, மூச்செல்லாம் நல்லா வருதுங்க'ன்னா.

அவ என்னைக் காட்டிக் குடுக்கலீங்க. அதுதான் எனக்குத் தாங்கல. திட்டியிருந்தான்னா, நான் ஆம்பளை, நானும் நாலு வார்த்தை திட்டிட்டுப் போயிருப்பன். அந்த வார்த்தையைக் கேட்டதும் ஒடம்பெல்லாம் கூசிப் போச்சு. போட்டிருந்த கோட்டு எரியற மாதிரி இருந்துச்சு. கழட்டி எறியலாமுன்னு தோணுச்சு. எறியல.

அவ அந்தம்மாகிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேட்டா. 'கட்லெட்டு இங்கயே கொண்டாந்து குடுப்பாங்களாம்மா?' டாக்டரம்மா சிரிச்சாங்க. 'பின்ன? சமையல்கட்டு அடுத்த கதவுதானே. எண்ணெயிலேர்ந்து எடுத்த உடனே சுடச்சுட வரும். கையில பிடிக்க முடியாது.' மயிலா தலையாட்டுனா. 'சுடச்சுடங்களா'ன்னு அவளே ஒருக்காச் சொல்லிக்கிட்டா.

அப்பத்தான் டாக்டரம்மா என்னைப் பாத்துட்டாங்க. 'சாம்! அங்க என்ன பண்றீங்க? உங்க மிஸஸ் வந்திருக்காங்க!' நான் தலையில புழுதியோட வெளிய வந்தன். மயிலா திரும்பலை. கண்ணாடியிலயே என்னைப் பாத்தா. கேட்டா, 'ஏனுங் மாமா, இந்த ரூம்பு எப்பங்க கட்டுனாங்க?'

இப்ப யோசிச்சாத் தெரியுது சார், நெசத்தைச் சொல்றதுக்கு அவ எனக்கு ஒரு வழி விட்டா. அன்னிக்கு எனக்கு அது தெரியல. நான் என்ன சொன்னன்? 'இது இப்பத்தான் கண்ணு, கடைசியில, சும்மா…'ன்னு இழுத்தன். டாக்டரம்மா விடலை. அவங்களுக்கு என்ன தெரியும் பாவம். 'என்ன சாம், மறந்துட்டீங்களா? கிளப் கட்டினப்பவே கட்டினதாச்சே. என் மாமியாரே இந்த நாற்காலியிலதான் உக்காருவாங்க.'

மயிலா எந்திரிச்சா. அந்தம்மாவுக்குக் கும்பிடு போட்டா. செருப்பைப் போட்டுட்டு பஸ் ஸ்டாண்டைப் பாத்து நடந்தா. 'கார்ல போலாம் வா'ன்னு பின்னாலயே போனன். 'இல்லீங்க மாமா, கார்ல உக்காந்தது போதுமுங்க'ன்னா. அவ்வளவுதான். அதுலயும் சத்தமில்ல. அவ அத்தனை மெதுவாப் பேசி நான் கேட்டதே இல்லை.

ஊட்டுல சண்டையில்ல, சடவில்ல. சோறு போட்டா, குழம்பு ஊத்துனா. என்ன கண்ணு பேச மாட்டேங்கறன்னு கேட்டா, பேசறதுக்கு என்னுங்க இருக்குதுன்னு கேப்பா. அடுத்த சனிக்கிழமை கோயிலுக்குக்கூட வரலை. அவ தம்பி ஊருல கோயில் நோம்பின்னு போனா. நோம்பி முடிஞ்சு கோயில் கம்பத்தைப் பிடுங்கி ஆத்துல விட்டாச்சு, அவ வரலை. அதான் இந்தக் கண்ணாடி. அவ உக்காந்து பாத்தாளே, அதே கண்ணாடிதானுங்க. டாக்டரம்மா அதைத்தான் எடுத்து வெச்சிருந்தாங்க. அவங்ககிட்டக் கேட்டு வாங்கிட்டு வந்துட்டன். எதுக்குன்னு கேட்டாங்க. மைலாவுக்குன்னு சொன்னன். கண்ணு கலங்கிக் குடுத்தாங்க. கார்ல உக்காந்தது போதும்னவ முன்னால கார்ல போயி எறங்க மனசு வரலீங்க, அதான் பஸ்ஸு. இதைக் கொண்டுபோயி அவ ரூம்புல மாட்டிட்டா மனசு ஆறிருமுல்லங்க?

சார், ஒண்ணு கேட்டாத் தப்பா நெனைக்க மாட்டீங்களே? நீங்க இஞ்சினீரு. உங்க வார்த்தைக்கு ஒரு மதிப்பு இருக்குது. ஒரு போன் போட்டு, அந்தச் செங்கலைப் பாத்தேன், அந்த ரூம்பு கட்டி ரெண்டு வருசம்கூட ஆகலை, டாக்டரம்மாவுக்கு வயசாச்சு, ஞாபகம் தப்புதுன்னு நீங்க சொன்னீங்கன்னா…

வேண்டாமுங்களா. செரி, செரி. மூஞ்சியைத் திருப்பிக்காதீங்க சார். ஒரு பேச்சுக்குத்தான் கேட்டன். இல்ல, பேச்சுக்கில்ல. நெசமாத்தான் கேட்டன். உடுமலை வர்ற வரைக்கும் அதைத்தான் யோசிச்சுட்டு வந்தன். இந்த வயசுல, இத்தனை ஆனதுக்கப்புறமும், என்ற புத்தி அங்கதான் போவுது பாத்தீங்களா. சீ.

எனக்கு எறங்கற எடம் வந்துருச்சுங்க. அந்தப் பாலம் தாண்டி அடுத்த ஸ்டாப்பு. கண்ணாடியை ஒரு பக்கம் சித்தப் புடிங்க, எந்திரிச்சுக்கறன்.

நேத்து மச்சினனுக்குப் போன் பண்ணுனன், காலையில வர்றன்னு. அக்காகிட்டச் சொல்லிட்டு வர்றன்னு போனவன், சிரிச்சுட்டே வந்து சொல்றான். 'மச்சான், அக்கா ஒண்ணு சொல்லச் சொல்லுச்சுங்க. இந்த ஊட்டுக்குள்ள ஆம்பளைங்களுக்கு அனுமதி இல்லையாமா. சட்டமாமா.' அவன் வெளையாட்டுன்னு நெனச்சுட்டான். அவனுக்கு ஒண்ணும் தெரியாதுங்க. அங்கயும் அவ என்னைக் காட்டிக் குடுக்கலை. நானும் சிரிச்சன் சார், போன்ல. என்ன பண்றது.

அவங்க வாசல்ல ஒரு புளியமரம் இருக்குது. உள்ளாற விடலைன்னா அதுக்கடியில உக்காந்துக்கறன். பொழுது சாயற வரைக்கும் உக்காந்திருக்கறன். ஊட்டுக்குள்ள பேச்சுச் சத்தம், சிரிப்புச் சத்தம் எல்லாம் கேக்கும். பசியோட உட மாட்டாளுங்க, அவ கொணம் அப்படி. வேலையெல்லாம் முடிச்சுட்டு, எல்லாத்துக்கும் போட்டுட்டு, கடைசியா ஒரு தட்டுல எதாச்சும் கொண்டாந்து வெப்பா.

ஆறிப் போயித்தான் இருக்கும். கேட்டான்னா, சூடா இருக்குதுன்னு சொல்லோணுமுங்க.